இன்ஜங்ஷன் வாங்கியாச்சு, எதிராளி கேட்கலையே?

சொத்து வழக்குகளில் வாங்கிய உறுத்துக் கட்டளையை, அதாவது இன்ஜங்ஷனை ("இதைச் செய்யாதே" அல்லது "இதைச் செய்" என்று கோர்ட் போடும் உத்தரவு) அமல்படுத்துவது பற்றி வந்த கேள்விகளில் சில. கேள்விகளைச் சுருக்கியிருக்கிறேன். பதில்கள் இந்திய உரிமையியல் நடைமுறைச் சட்டப்படி; எண்ணோடு வரும் ஆர்டர், ரூல், பிரிவு எல்லாம் அந்தச் சட்டத்தில் உள்ளவை.

கேள்வி: சார், இடைக்கால இன்ஜங்ஷன் வாங்கி மூணு வாரம் ஆகுது. நேத்து ராத்திரி எதிராளி என் நிலத்துக்குள்ள கல்லு ஊன்றிட்டார். ஸ்டேஷனுக்குப் போனா "சிவில் மேட்டர், கோர்ட்டுக்குப் போங்க"ன்னு அனுப்பிட்டாங்க.

பதில்: முதலில், அந்தக் கல்லைத் தொடாதீர்கள். நீங்கள் பிடுங்கிப் போட்டால் அடுத்த வாரம் நீங்கள்தான் எதிரி எனப் புகார் நிற்கும். இன்றைக்கே போட்டோ எடுங்கள். கல் எங்கே நிற்கிறது என்று அளந்து அறிக்கை தர அட்வகேட் கமிஷனர் (கோர்ட் நியமிக்கும் வக்கீல்) கேட்டு, ஆர்டர் 26 ரூல் 9இல் மனுப் போடுங்கள்.

ஸ்டேஷனில் சொன்னது பாதி சரி. உத்தரவு பிரதிவாதிக்குப் போடப்பட்டது, இன்ஸ்பெக்டருக்கு அல்ல. அடிதடி, மிரட்டல் நடந்திருந்தால் அதற்குத் தனிப் புகார் கொடுங்கள். உத்தரவை மீறியதற்கு, உத்தரவு போட்ட கோர்ட்டுக்கே திரும்பப் போக வேண்டும். ஆர்டர் 39 ரூல் 2ஏ தண்டனைக்கு: மீறியவரின் சொத்தை ஜப்தி செய்யலாம், 3 மாதம் வரை சிவில் சிறையில் வைக்கலாம். ஆனால் தண்டனை கிடைத்தாலும் கல் அங்கேயே நிற்கும். அதனால் கல்லை அகற்றி இடத்தைப் பழைய நிலைக்குக் கொண்டுவரவும், போலீஸ் பாதுகாப்புக்கும் பிரிவு 151இல் தனித்தனி மனு. பாதுகாப்பு உத்தரவின் நகலோடு ஸ்டேஷனில் போய் நில்லுங்கள், "சிவில் மேட்டர்" என்ற பேச்சு அடங்கிவிடும்.

கேள்வி: "எனக்கு ஆர்டரே வரலை, எனக்கு எப்படித் தெரியும்?" என்கிறார் பிரதிவாதி. இது செல்லுமா?

பதில்: உத்தரவு கையில் தரப்பட்டிருக்க வேண்டும் என்பதில்லை, அது இருப்பது தெரிந்திருந்தாலே போதும். தெரியும் என்று நிரூபிக்கும் பாரம்தான் உங்கள் தலையில். எதிர்த்தரப்பைக் கேட்காமல் வாங்கிய உத்தரவு என்றால், மனு, பிரமாணப் பத்திரம், வழக்குரை, ஆவணங்கள் எல்லாவற்றின் நகலையும் பிரதிவாதிக்கு உடனே அனுப்பி, அனுப்பியதாக அன்றோ மறுநாளோ கோர்ட்டில் பிரமாணம் தாக்கல் செய்ய வேண்டும் என்கிறது ஆர்டர் 39 ரூல் 3. உத்தரவு வாங்கிய சந்தோஷத்தில் பலர் இதை மறந்துவிடுகிறார்கள். அந்தத் தபால் ரசீது ஒரு துண்டுச் சீட்டுதான். ஆனால் 2ஏ மனு நிற்பதும் விழுவதும் பெரும்பாலும் அதில்தான்.

கேள்வி: அப்பா காலத்தில் நிரந்தர இன்ஜங்ஷன் டிக்ரி ஆகி 14 வருஷம். இப்போ எதிராளியோட பசங்க வேலி போடுறாங்க. எதிராளி இறந்துட்டார். காலம் கடந்துடுச்சா? 2ஏ போடலாமா?

பதில்: 2ஏ வேண்டாம். அது வழக்கு நடக்கும்போது போட்ட இடைக்கால உத்தரவுக்கு. டிக்ரி (வழக்கு முடிவில் வரும் இறுதி உத்தரவு) ஆனபின் வழி, அதை அமல்படுத்தக் கேட்கும் நிறைவேற்று மனு, ஆர்டர் 21 ரூல் 32. அதிலும் ஜப்தி, சிவில் சிறை உண்டு. அதோடு, போட்ட வேலியைக் கோர்ட் மூலமே எடுக்கவைத்து செலவை அவர்களிடம் வசூலிக்க உட்பிரிவு 5 இருக்கிறது. "செய்யாதே" என்ற டிக்ரிக்கும் அது பொருந்தும் என 2002இல் விளக்கமே சேர்த்துவிட்டார்கள்.

காலக்கெடு பயம் வேண்டாம். மற்ற பெரும்பாலான டிக்ரிகளுக்கு 12 வருடம், நிரந்தர இன்ஜங்ஷனுக்குக் கெடுவே இல்லை. ஆனால் டிக்ரியை எடுத்து ஒருமுறை வாசியுங்கள். "சுவாதீனத்தில் (அனுபவத்தில்) தலையிடக் கூடாது" என்றிருந்தால் சரி. "சுவரை இடித்து அகற்ற வேண்டும்" என்பது செயலுறுத்துக் கட்டளை, அதற்கு 3 வருடம்தான். ஒரே டிக்ரியில் இரண்டும் இருந்து, இரண்டாவதைக் கோட்டை விட்டவர்கள் உண்டு. பிள்ளைகள் "நாங்க பார்ட்டி இல்லை" என்று சொல்லித் தப்ப முடியாது. அவர்கள் அப்பாவின் உரிமை வாரிசுகளுக்கு இறங்கும் சொத்தில் டிக்ரியும் அவர்களைக் கட்டும் என 2017இல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

கேள்வி: "அப்பீல் போட்டிருக்கோம், ஆர்டர் செல்லாது"ன்னு எதிராளி மிரட்டுறார்.

பதில்: அப்பீல் போட்டால் தானாக ஸ்டே ஆகாது, ஆர்டர் 41 ரூல் 5. ஸ்டே உத்தரவைக் காட்டச் சொல்லுங்கள்.

கேள்வி: எதிராளியை சிவில் சிறைக்கு அனுப்பினா அவர் சாப்பாட்டுச் செலவை நான் கட்டணுமாமே? உண்மையா சார்?

பதில்: நிறைவேற்று மனுவில் உண்மைதான். பிழைப்புப் படியை முன்பணமாக நீங்கள் கட்ட வேண்டும். சிரிப்பாக இருக்கும், சட்டம் அப்படி.

கேள்வி: டிக்ரியை அமல்படுத்த கோர்ட் அமீனா வந்து "எந்த இடம்னே தெரியலை"ன்னு திரும்பிட்டார். டிக்ரியில "வடக்கே வண்டிப்பாதை"ன்னு இருக்கு. அங்க இப்போ தார் ரோடு, அதுவும் பத்தடி தள்ளி.

பதில்: வழக்குப் போடும்போது சொத்து விவரத்தில் செய்த அவசரத்துக்கு இப்போது கூலி கொடுக்கிறீர்கள். நிறைவேற்றும் கோர்ட் டிக்ரியைத் தாண்டிப் போகாது. சர்வே எண்ணில் எழுத்துப் பிழை என்றால் பிரிவு 152இல் திருத்தலாம். எல்லை அடையாளம் மட்டும் மாறியிருந்தால், சர்வேயரோடு கமிஷனரை நியமிக்கக் கேட்டு, சர்வே எண்ணையும் புலப்பட (சர்வே வரைபட) அளவையும் வைத்து இடத்தைக் குறிக்கச் சொல்லுங்கள். அமீனா அடுத்த முறை வரும்போது அந்த வரைபடம் அவர் கையில் இருக்கட்டும்.