இலவச டைமண்டுக்கு 38 வெள்ளி கட்டலாமா?

கேள்வி: ஐயா, நாங்கள் கோலாலம்பூர் செந்தூலில் இருக்கிறோம். மகன் முதலாம் படிவம் படிக்கிறான், மொபைல் லெஜண்ட்ஸ் விளையாடுவான். டெலிகிராமில் வந்த ஓர் இணைப்பில் 5,000 டைமண்ட் (விளையாட்டுக்குள் பொருள் வாங்கும் காசு) இலவசம் என்று இருந்ததாம். அவன் ஐடியைப் போட்டதும் விளையாட்டில் வைத்திருக்கும் பெயரைச் சரியாகக் காட்டியது. இப்போது ஏஜெண்ட் என்று ஒருவர் வாட்ஸ்அப்பில் வந்து, டைமண்டை விடுவிக்க 38 வெள்ளி கட்டச் சொல்கிறார். பெயரைச் சரியாகச் சொன்னதால் உண்மையாக இருக்குமோ என்று யோசிக்கிறேன். கட்டலாமா? இந்த விளையாட்டுகளில் இலவசமாக ஒன்றுமே கிடைக்காதா?

பதில்: கட்டாதீர்கள் அம்மா. 38 வெள்ளி போனால் போகட்டும் என்றும் நினைக்காதீர்கள், ஏனென்றால் அது 38 வெள்ளியோடு நிற்காது. கட்டியதும், "ரசீதில் பெயர் பொருந்தவில்லை, இன்னொரு முறை கட்டுங்கள், இரண்டையும் சேர்த்துத் திருப்பித் தருகிறோம்" என்று செய்தி வரும். போன பணத்தை மீட்கும் ஆசையில்தான் பலர் இரண்டாவது தொகையைக் கட்டுகிறார்கள். மூன்றாவதையும் அப்படியேதான்.

உங்களைக் குழப்பியது அந்தப் பெயர். அதை முதலில் தெளிவாக்கி விடுகிறேன். மொபைல் லெஜண்ட்ஸில் ஒவ்வொரு கணக்குக்கும் ஓர் ஐடி எண் உண்டு, பக்கத்திலேயே ஒரு சர்வர் எண்ணும் இருக்கும். இரண்டும் ரகசியம் கிடையாது. டைமண்ட் விற்கும் முறையான டாப்-அப் தளங்களில் இந்த இரண்டு எண்களைப் போட்டாலே கணக்கின் பெயர் திரையில் வந்துவிடும். வேறு யாருக்கோ டைமண்ட் போய்விடக்கூடாது என்பதற்காக வைத்த வசதி அது. ஏமாற்றுகிறவன் அதே தேடலைத் தன் பக்கத்துக்குப் பின்னால் ஓட்டி, வந்த பெயரை உங்கள் மகனுக்குக் காட்டுகிறான். வாசலில் தொங்கும் பெயர்ப்பலகையைப் படித்துவிட்டு உங்களைப் பெயர் சொல்லிக் கூப்பிடுகிறவன் உறவுக்காரன் ஆகிவிடுவானா? இதில் ஒரு நல்ல செய்தியும் இருக்கிறது. ஐடியும் சர்வர் எண்ணும் மட்டுமே கொடுத்திருந்தால் அவற்றை வைத்து யாரும் கணக்கைப் பறிக்க முடியாது.

அந்த 5,000 என்ற எண் திரையில் கடகடவென்று ஏறியிருக்கும். அது வெறும் படம். டைமண்ட் உங்கள் கைப்பேசியில் இருப்பதில்லை. விளையாட்டு நிறுவனத்தின் கணினியில், மகனின் பெயருக்கு நேராக எழுதி வைத்த ஒரு கணக்கு அது. வெளியில் உள்ள எந்த இணையப் பக்கமும் அங்கே கை வைத்து எண்ணை மாற்ற முடியாது. இன்னொரு விளையாட்டான ரோப்லாக்ஸின் நிறுவனம், இலவச ரோபக்ஸ் (அதன் விளையாட்டுக் காசு) உண்டாக்கும் பக்கம் என்று எதுவுமே இல்லை என்று தன் உதவிப் பக்கத்திலேயே சொல்லி வைத்திருக்கிறது. டைமண்ட், ரோபக்ஸ், யூசி என்று விளையாட்டுக்கு விளையாட்டு காசின் பெயர்தான் மாறும், வேலை ஒன்றே.

அப்படியானால் அவர்களுக்கு என்ன லாபம்? உங்களிடம் கேட்ட கட்டணம் ஒன்று. "நீங்கள் மனிதர்தானா என்று உறுதி செய்ய இந்த இரண்டு செயலிகளை இறக்குங்கள்" என்று சொல்லி, ஒவ்வொன்றுக்கும் விளம்பரக்காரர்களிடம் தரகு வாங்குவது இன்னொன்று. சில பக்கங்கள் கைப்பேசி எண்ணைக் கேட்டு, வாரா வாரம் பணம் பிடிக்கும் குறுஞ்செய்திச் சேவையில் சேர்த்துவிடும். எல்லாவற்றிலும் மோசம், பிளே ஸ்டோருக்கு வெளியே இருந்து ஏபிகே கோப்பை (செயலியை நேரடியாக நிறுவும் கோப்பு) இறக்கச் சொல்வது. அப்படி வரும் சில செயலிகள் குறுஞ்செய்திகளைப் படிக்க அனுமதி கேட்கும். மகன் ‘சரி’ என்று ஒரு தட்டுத் தட்டினால் போதும், அந்தக் கைப்பேசிக்கு வங்கி அனுப்பும் டேக் எண்ணை (பணம் மாற்ற உறுதி செய்யும் எண்) அவர்களும் பார்ப்பார்கள். அம்மாவின் கைப்பேசியில் விளையாடும் பிள்ளைகள் வீட்டுக்கு வீடு இருப்பதால் இதை அழுத்திச் சொல்கிறேன்.

இப்போது அந்த ஏஜெண்ட். பிள்ளைகள் மொழியில் இவர்களுக்கு ரன்னர், மிட்மேன், ஜோக்கி என்று பல பெயர். ஜோக்கி என்கிறவர் உங்கள் மகனின் கணக்குக்குள் போய், அவனுக்குப் பதிலாக விளையாடி ரேங்க் ஏற்றித் தருவதாகச் சொல்வார். அதற்குக் கடவுச்சொல் வேண்டும். கொடுத்தால் அன்றே கணக்கு போய்விடலாம். ரன்னர் பாதி விலையில் டைமண்ட் போடுவதாகச் சொல்வார். சில நேரம் உண்மையாகவே போட்டும் விடுவார், அதனால்தான் நம்பிக்கை வருகிறது. அந்த டைமண்ட் யாரோ ஒருவரின் திருடப்பட்ட கடன் அட்டையில் வாங்கியதாக இருந்தால், அட்டைக்காரர் வங்கியில் புகார் செய்து பணத்தைத் திரும்பப் பெற்றதும், விளையாட்டு நிறுவனம் உங்கள் மகன் கணக்கில் கை வைக்கும். டைமண்ட் கணக்கு பூஜ்யத்துக்குக் கீழே போகும் அல்லது கணக்கே முடக்கப்படும். ரன்னர் அதற்குள் எண்ணை மாற்றியிருப்பார்.

இந்த இடைத்தரகர்கள் கேட்பதில் நான் மிகவும் பயப்படுவது வேறு ஒன்று. "உன் ஏடிஎம் அட்டையை ஒரு மாதம் இரவல் கொடு, 1,000 டைமண்ட் போடுகிறேன்" என்று பதின்ம வயதுப் பிள்ளைகளிடம் கேட்கிறார்கள். அட்டை இல்லாத பிள்ளையிடம் "அம்மாவுடைய கணக்கு எண்ணைக் கொடு, கொஞ்சம் பணம் வரும், நான் சொல்லும் இடத்துக்கு மாற்றிவிடு" என்பார்கள். பையனுக்கு இது பெரிய விஷயமாகத் தெரியாது. அந்தக் கணக்கில் வந்து போவது எங்கோ ஒரு முதியவரிடம் ஏமாற்றிய சேமிப்புப் பணம். போலீஸ் விசாரணையில் முதலில் கிடைக்கும் பெயர் கணக்குக்குச் சொந்தக்காரருடையது, அதாவது உங்களுடையது. 2024ல் தண்டனைச் சட்டத்தைத் திருத்தி, இப்படிக் கணக்கை இரவல் கொடுப்பதையே தனிக் குற்றமாக்கி விட்டார்கள். "எனக்குத் தெரியாது, பையன் டைமண்டுக்காகக் கொடுத்தான்" என்று நிலையத்தில் போய்ச் சொல்வதற்கு முன்னால், இன்று இரவே மகனிடம் இதைக் கேட்டுவிடுங்கள். திட்டிக் கேட்காதீர்கள், மறைத்துவிடுவான்.

சரி, உங்கள் இரண்டாவது கேள்வி. இலவசம் உண்டு. கிடைப்பது கொஞ்சம்தான், அதுவும் எப்போதும் விளையாட்டுக்குள்ளேயேதான் வந்து சேரும். தினமும் உள்ளே போனால் கிடைப்பது, நிகழ்வுகளில் கிடைப்பது, விளையாட்டின் அஞ்சல்பெட்டிக்கு நிறுவனம் அனுப்புவது, அதிகாரப்பூர்வப் பக்கங்களில் வெளியிடும் கோடுகள் (பரிசு வாங்கத் தட்டும் குறியீடுகள்) என்று இந்த நான்கு வழிகளைத் தாண்டி அதிகம் இல்லை. கோடுகளில் பெரும்பாலும் டிக்கெட், துண்டுகள், சில நாட்களுக்கு மட்டும் போட்டுப் பார்க்கும் ஸ்கின் (கதாபாத்திரத்தின் உடை) வரும். டைமண்ட் கைநிறைய வராது. ஒரு கணக்குச் சொல்கிறேன். கென்ஷின் இம்பாக்ட் என்ற விளையாட்டில், புதிய பதிப்புக்கு முன் நடத்தும் நேரலையில் 3 கோடுகள் கொடுப்பார்கள், மொத்தம் 300 பிரைமோஜெம் (அதன் விளையாட்டுக் காசு). அதில் கதாபாத்திரம் கிடைக்குமா என்று பார்க்கும் ஒரு குலுக்கலுக்கு 160 வேண்டும். அதாவது உலகமே காத்திருந்து வாங்கும் அந்த இலவசம், இரண்டு குலுக்கலுக்குக்கூடப் போதாது. நிறுவனமே இவ்வளவுதான் தரும்போது, டெலிகிராமில் முகம் தெரியாதவர் 5,000 தருவாரா? கணினியில் விளையாடுகிற பிள்ளைகள் என்றால் எபிக் கேம்ஸ் கடையைச் சொல்லுங்கள். 2018 இறுதியிலிருந்து இலவச விளையாட்டுகள் கொடுத்து வருகிறார்கள், நம் நேரப்படி வியாழன் இரவு புதியது வரும். ஒரு காசு கட்டத் தேவையில்லை. ஃபோர்ட்நைட் விளையாட்டில் இரண்டடுக்குப் பாதுகாப்பை (கடவுச்சொல்லுக்கு மேல் இன்னொரு எண்ணும் கேட்பது) போட்டுக்கொண்டாலே கதாபாத்திரத்துக்கு ஒரு நடனம் இலவசம். பாதுகாப்புக்குப் பரிசு தருகிறார்கள் பாருங்கள், அதைத்தான் நான் எல்லாப் பெற்றோரிடமும் சொல்லிக் காட்டுவேன்.

ஒரே ஒரு விதிவிலக்கை மட்டும் நிதானமாகப் படியுங்கள், இதில்தான் நிறையப் பேர் தடுமாறுகிறார்கள். "யாருக்கும் எந்த எண்ணையும் கொடுக்காதே" என்று பிள்ளைக்குச் சொல்லி வைத்திருப்போம். ஆனால் கோடைப் பரிசாக மாற்றும் மொபைல் லெஜண்ட்ஸின் சொந்தப் பக்கத்தில், கோடையும் ஐடியையும் போட்டபின் ஒரு சரிபார்ப்பு எண் கேட்கும். அந்த எண் விளையாட்டின் அஞ்சல்பெட்டிக்கு வரும், அதைப் பக்கத்தில் போட்டால்தான் பரிசு வரும். இது முறையானது. அப்படியானால் எண்ணைக் கொடுக்கலாமா கூடாதா? கேட்பது யார், நீங்கள் அங்கே எப்படிப் போனீர்கள் என்று இரண்டையும் பாருங்கள். விளையாட்டுக்குள் இருந்தோ நிறுவனத்தின் அதிகாரப்பூர்வப் பக்கத்தில் இருந்தோ நீங்களாகப் போன பக்கத்தில், உங்கள் கையால் நீங்களே தட்டினால் சரி. யாரோ அனுப்பிய இணைப்பில் திறந்த பக்கம் என்றால் கூடாது, அது அச்சு அசல் அதே மாதிரி இருந்தாலும் கூடாது. ஒரு மனிதர் வாட்ஸ்அப்பில், டிஸ்கார்டில், தொலைபேசியில் "அஞ்சல்பெட்டியில் வந்த எண்ணைச் சொல்லு" என்று கேட்டால் ஒருபோதும் கூடாது. அந்த ஆள் நிறுவனத்தின் ஊழியர் என்று சொன்னாலும் கூடாது. மகனை உட்கார வைத்து இதை ஒரு முறை செய்து காட்டச் சொல்லுங்கள், அவனுக்கு உங்களைவிடச் சீக்கிரம் பிடிபடும்.

நம் பிள்ளைகளுக்கென்றே ஒரு சிக்கலும் இருக்கிறது. தமிழில் பேசுகிறார்கள் என்று தமிழ்நாட்டு யூடியூப் சேனல்களைப் பார்த்து, அங்கே சொல்லும் ஃப்ரீ ஃபயர் விளையாட்டின் கோடுகளை இங்கே போடுகிறார்கள். கோடுகள் வட்டாரத்துக்கு வட்டாரம் வேறு. இந்தியாவுக்கான கோடு மலேசியக் கணக்கில் வேலை செய்யாது. பதிவு செய்யாமல் கெஸ்ட் கணக்கில் விளையாடுகிறவனுக்கு எந்தக் கோடும் வேலை செய்யாது, முதலில் கூகுள் போன்ற கணக்கோடு இணைக்க வேண்டும். கோடு வேலை செய்யவில்லை என்று கருத்துப் பெட்டியில் பிள்ளை எழுதினால், "நான் போட்டுத் தருகிறேன், இங்கே வா" என்று உடனே ஒருவர் வருவார். அந்த ஒருவர்தான் உங்கள் வாட்ஸ்அப்பில் இருக்கும் ஏஜெண்டின் பங்காளி.

பணம் கொடுத்து வாங்குவதாக இருந்தால் விளையாட்டுக்குள்ளேயே வாங்குங்கள், அல்லது கோடாஷாப் போன்ற அறியப்பட்ட தளத்தில் வாங்குங்கள். மொபைல் லெஜண்ட்ஸ் டாப்-அப்புக்கு ஐடியும் சர்வர் எண்ணும் போதும். டாப்-அப் செய்யக் கடவுச்சொல் கேட்கிறவரைக் கண்டால் அங்கேயே முடித்துக்கொள்ளுங்கள்.

இனி உங்கள் வீட்டில் செய்ய வேண்டியது. ஐடியைத் தவிர மகன் வேறு என்ன கொடுத்தான் என்று கேளுங்கள். அந்தப் பக்கம் ஃபேஸ்புக் அல்லது கூகுள் கடவுச்சொல் கேட்டு அவன் தட்டியிருந்தால், உடனே கடவுச்சொல்லை மாற்றி, மற்ற எல்லாக் கருவிகளிலிருந்தும் வெளியேறச் செய்து, இரண்டடுக்குப் பாதுகாப்பைப் போடுங்கள். ஏபிகே இறக்கியிருந்தால் இணையத்தைத் துண்டித்து அதை நீக்குங்கள், வங்கிக் கடவுச்சொல்லை வேறு கைப்பேசியிலிருந்து மாற்றுங்கள். ஐந்து இலக்க எண்ணிலிருந்து கட்டணக் குறுஞ்செய்தி வந்தால் அதே எண்ணுக்கு ‘ஸ்டாப் ஆல்’ என்று ஆங்கிலத்தில் தட்டி அனுப்புங்கள்.

பணம் ஏற்கெனவே போயிருந்தால் 997க்கு அழையுங்கள். 2022 அக்டோபரில் தொடங்கிய தேசிய மோசடி நடவடிக்கை மையத்தின் எண் அது. வங்கிக்கும் உடனே சொல்லுங்கள், பின் போலீஸ் புகார். அந்த வரிசையில் ஒரு மணி நேரம்கூடத் தாமதிக்காதீர்கள். பணம் ஒரு கணக்கிலிருந்து இன்னொன்றுக்கு நிமிடங்களில் தாவும். இதைச் சொல்லும்போதே எனக்கு எரிச்சல் வருகிறது. என் தங்கை மகன் 200 வெள்ளியை இழந்தபோது ஒரு நிலையத்துக்கு அவனோடு போனேன். "விளையாட்டுக் காசுதானே" என்று சொல்லி அடுத்த மேசைக்கு அனுப்பினார்கள். அந்த மேசை மறுநாள் வரச் சொன்னது. மாணவனுக்கு 200 வெள்ளி எவ்வளவு பெரியது என்று அங்கே யாருக்கும் தோன்றவில்லை. 80 லட்சம் பயனர்களுக்கு மேல் உள்ள சமூக ஊடகங்களுக்கு 2025 ஜனவரியிலிருந்து உரிம முறை வந்துவிட்டது. அதற்குப் பிறகும் ‘இலவச டைமண்ட்’ விளம்பரங்கள் காசு கட்டி என் திரைக்கே வருகின்றன. காசு வாங்கி விளம்பரம் போடுகிறவர் அதைப் படித்துப் பார்க்க மாட்டாரா? பிள்ளையை மட்டும் கவனமாக இருக்கச் சொல்கிறோம்.

இருந்தாலும் புகார் கொடுங்கள், தொகை சிறியது என்று விடாதீர்கள். ஏஜெண்ட் கொடுத்த வங்கிக் கணக்கு எண்ணையும் கைப்பேசி எண்ணையும் போலீஸின் ‘செமாக் மியூல்’ பக்கத்தில் தட்டிப் பாருங்கள். முன்பே புகார் இருந்தால் காட்டும். ஒன்றும் காட்டவில்லை என்றால் அவர் நல்லவர் என்று எடுத்துக்கொள்ளாதீர்கள், கணக்கு புதிதாக இருக்கலாம். ஏஜெண்டை உடனே பிளாக் செய்யாமல், உரையாடல், கணக்கு எண், அந்த இணைப்பு மூன்றையும் திரைப்பிடிப்பு எடுத்து வைத்துக்கொண்டு, அப்புறம் பிளாக் செய்யுங்கள். அவருக்கு எந்தப் பதிலும் எழுத வேண்டாம்.