லிப்செஃப்.டிஎல்எல் இல்லை என்ற பிழை

கேம் லாஞ்சரைத் திறந்தால் "லிப்செஃப்.டிஎல்எல் இல்லை" என்று வருகிறது, டிஎல்எல் கோப்புகளை (செயலிகள் இயங்கத் தேவையான துணை நிரல் கோப்புகள்) தரும் ஏதோ ஒரு தளத்திலிருந்து அதை இறக்கி, விண்டோஸின் சிஸ்டம்32 கோப்புறையில் போட்டும் பயனில்லை என்று எழுதியிருந்தீர்கள். முதலில் அந்தக் கோப்பை அழித்துவிடுங்கள், அதில் என்ன கலந்திருக்கும் என்று யாருக்குத் தெரியும்!

லிப்செஃப்.டிஎல்எல் (libcef.dll) விண்டோஸின் கோப்பே இல்லை. செயலிக்குள் வலைப்பக்கம் காட்ட உதவும் குரோமியம் எம்பெடட் ஃப்ரேம்வொர்க்கின் மையக் கோப்பு. இதைப் பயன்படுத்தும் ஒவ்வொரு செயலியும் தனக்கான பதிப்பைத் தன் கோப்புறையிலேயே வைத்திருக்கும். பக்கத்திலுள்ள துணைக் கோப்புகளான குரோம்_எல்ஃப்.டிஎல்எல், பாக் (.pak) கோப்புகள் எல்லாம் அதே பதிப்பாக இருக்க வேண்டும். 32 பிட் செயலிக்கு 64 பிட் கோப்பும் ஒத்துவராது. அதனால் ஒற்றைக் கோப்பை ஒட்டவைப்பது வீண்வேலை.

லாஞ்சரோடு வந்த அசல் கோப்பை ஆன்டிவைரஸ் பிடித்து வைத்திருக்கிறதா என்று பாருங்கள். அப்புறம் லாஞ்சரை முழுதாக நீக்கி, தயாரித்தவர்களின் தளத்திலிருந்தே மறுபடி நிறுவுங்கள்.