அரை மணிக்குள் செய்யும் இத்தாலிய பாணித் தக்காளி சூப் புளிக்காமல் இருக்க என்ன வழி? கூடவே சீஸ் டோஸ்ட்டும் வேண்டும்

வெங்காயத்தில் அவசரப்படாதீர்கள், அவ்வளவுதான். இரண்டு மேசைக்கரண்டி ஆலிவ் எண்ணெயில் சிறுதீயில் 8 நிமிடம் வதக்குங்கள். அது கண்ணாடிபோல் ஆகி இனிப்பு இறங்கினால்தான் தக்காளியின் புளிப்பு அடங்கும். பூண்டுக்குக் கடைசி அரை நிமிடம் போதும், கருகினால் கசக்கும். 400 கிராம் டின் தக்காளி, ஒரு கோப்பை தண்ணீர், உப்பு சேர்த்து 10 நிமிடம் கொதிக்கவிடுங்கள். ஓரங்களில் எண்ணெய் ஆரஞ்சு நிறத்தில் மிதந்தால் பதம் வந்துவிட்டது. ஒரு சிட்டிகை சர்க்கரை சேர்ப்பவர்கள் உண்டு, நான் சேர்ப்பதில்லை. அடுப்பை அணைத்தபின் பேசில் இலைகளைக் கிள்ளிப் போட்டு அரைத்துக்கொள்ளுங்கள்.

ரொட்டியை முதலில் ஒரு பக்கம் வாட்டித் திருப்புங்கள். வாட்டிய பக்கத்தில் மொசரெல்லாவும் கொஞ்சம் பார்மேசானும் தூவி, வாணலியை மூடிவிடுங்கள். முன்னது நூலாக இழுபடும், பின்னது உப்பும் மணமும் தரும்.