நிறுத்திய நீர்மூழ்கி உலை மறுபடி கிளம்பாதது ஏன்?

உங்கள் சிமுலேஷனில், முழுத் திறனில் ஓடிய நீர்மூழ்கிக் கப்பலின் அணு உலையை நிறுத்தி 10 மணி நேரம் கழித்து, கட்டுப்பாட்டுத் தண்டுகளை (நியூட்ரான்களை உறிஞ்சி உலையை அடக்குபவை) முழுக்க வெளியே இழுத்தும் கிரிட்டிகல் ஆகவில்லை, அதாவது தொடர்வினை தானாக நீடிக்கவில்லை என்று எழுதியிருக்கிறீர்கள். உங்கள் சிமுலேஷன் கோடில் பிழை இல்லை, காரணம் செனான்-135, அதாவது உலையில் உருவாகி, நியூட்ரான்களை விழுங்கித் தொடர்வினையைத் தடுக்கும் வாயு. உலை முழுத் திறனில் ஓடும்போது பெரும்பாலும் நியூட்ரான்களை விழுங்கியே அது அழியும். நின்றதும் அந்த வழி அடைபடும். ஆனால் உலையில் ஏற்கெனவே சேர்ந்திருக்கும் அயோடின்-135 (அரை ஆயுள் 6.6 மணி) சிதைந்து புதுச் செனானைத் தந்துகொண்டே இருக்கும், செனானின் அரை ஆயுளோ 9.1 மணி, அதாவது அது இன்னும் மெதுவாகவே சிதையும். அதனால்தான் 10 மணி வாக்கில் உச்சம்.

உங்கள் கோடில் மாற்ற வேண்டியது எரிபொருள் மதிப்பை. 4% செறிவு (யுரேனியத்தில் எளிதில் பிளவுறும் யுரேனியம்-235-இன் பங்கு) மின் நிலையக் கணக்கு. அமெரிக்க நீர்மூழ்கிகளில் 93%-க்கு மேல். கடலடியில் உந்துவிசையின்றிக் கிடக்கக் கூடாது என்பதால், செனான் உச்சத்தையும் மீறிக் கிளப்ப உபரி ரியாக்டிவிட்டி (தொடர்வினையை வளர்க்கும் கூடுதல் திறன்) வைப்பார்கள். போரான் போன்ற எரியும் நஞ்சையும் (நியூட்ரான்களை உறிஞ்சி, உலை ஓட ஓடத் தானும் குறைந்துபோகும் பொருள்) சேருங்கள். இல்லாவிட்டால் புது உலையைத் தண்டுகளால் மட்டும் அடக்குவது கடினம்.