அம்மம்மாவும் பார்த்த புத்தக நிகழ்ச்சி

புத்தகங்களைச் சாதாரண மக்களிடம் கொண்டுபோன பழைய டிவி நிகழ்ச்சிகளில் எது உண்மையில் எடுபட்டது என்று கேட்டிருக்கிறீர்கள். என் பதில், பிரான்சின் 'அப்போஸ்த்ரோஃப்'. நான் பார்த்தது ஒரேயொரு கசெட்தான், அதுவும் கறுப்பு வெள்ளையில்.

2003 இல், யாழ்ப்பாணத்துக்கான ஏ9 பாதை திறந்திருந்த காலம். பாரிஸிலிருந்து கோண்டாவிலுக்கு வந்த சித்தப்பா, சொக்லேட்டோடு ஒரு வீடியோ கசெட்டும் கொண்டுவந்தார். அது 'செக்காம்' என்ற பிரெஞ்சு டிவி முறையில் பதிந்தது, எங்கள் டெக் 'பால்' என்ற வேறு முறைக்கானது. படம் ஓடியது, நிறம் வரவில்லை. ஏதோ சினிமா என்று நாங்கள் பாய் விரித்து இருந்தால், நாலைந்து பேர் கதிரையில் இருந்து கதைக்கிறார்கள்.

"உவை ஏன் சண்டை பிடிக்கினம்?" என்றார் அம்மம்மா.

"சண்டையில்லை மாமி, புத்தகத்தைப் பற்றிக் கதைக்கினம்" என்றார் சித்தப்பா.

நடத்தியவர் பெர்னார் பிவோ. லியோனில் பலசரக்குக் கடை வைத்திருந்தவர்களின் மகன். 1975 ஜனவரி முதல் 1990 ஜூன் வரை, வெள்ளிக்கிழமை இரவுகளில் 724 நிகழ்ச்சிகள். சனிக்கிழமை காலையே சனம் புத்தகக்கடைக்குப் போய் அந்தப் புத்தகங்களைக் கேட்குமாம். யாழ்ப்பாணம் ஆஸ்பத்திரி வீதிப் புத்தகக்கடையில் அப்படியொரு சனிக்கிழமையை நினைத்துப் பாருங்கள்!

நேரடி ஒளிபரப்பு என்பதால் எதுவும் நடக்கலாம். 1978 இல் அமெரிக்க எழுத்தாளர் புக்கோவ்ஸ்கி குடித்துக் குடித்து, பாதியிலேயே எழும்பிப் போய்விட்டார். 'லோலிடா' எழுதிய நபக்கோவ் கில்லாடி: கேத்தலில் தேநீருக்குப் பதிலாக விஸ்கி, எழுதிக்கொண்டுவந்த பதில் அட்டைகளை மறைக்கப் புத்தக அடுக்கு.

ஆனால் எனக்குப் பிடித்தது இந்தக் கூத்துகள் அல்ல. பிவோ பேராசிரியர் மாதிரிக் கேட்கவில்லை. புத்தகத்தை முழுதாக வாசித்துவிட்டு, விளங்காத இடத்தை விளங்கவில்லை என்றே கேட்டார். ஒருவர் சொல்லும்போது மூக்குக்கண்ணாடியைக் கீழே இறக்கி, முன்னால் சரிந்து கேட்பார். நம்மூரில் நான் போன புத்தக வெளியீடுகளில் அட்டையைத் தாண்டாதவர்கள்தான் முக்கால் மணித்தியாலம் பேசினார்கள். பிறகு பொன்னாடை.

பிரெஞ்சில் ஒரு சொல்லும் தெரியாத அம்மம்மா கடைசிவரை எழும்பவில்லை. சித்தப்பாவும் பாதியில் மொழிபெயர்ப்பதை விட்டுவிட்டார். முடிந்ததும் அம்மம்மா, "உந்தக் கண்ணாடிக்காரன் ஆரெண்டாலும், மற்றவை கதைக்க விடுறான்" என்றார்.

டெக்கை விற்று வருடக்கணக்காகிவிட்டது. கசெட் இன்னும் அலுமாரியில் இருக்கிறது, பூஞ்சணம் பிடித்தபடி.