ஜாம்பியாவைச் சாட்சிக்கு அழைத்தால்

கேள்வி: ஜாம்பியாவின் கென்னத் காவுண்டாவைக் காந்தியவாதி என்று இன்னும் சிலர் கொண்டாடுகிறார்கள். 27 ஆண்டுகள் நாற்காலியை விடாதவர், மற்ற கட்சிகளைத் தடை செய்தவர் அவர். ஆப்பிரிக்காவுக்கு ஜனநாயகம் ஒத்துவராது என்பதற்கு இந்த ஒரு நாடே சாட்சியாகப் போதாதா?
– வாசகர், விருதுநகர்

பதில்: காவுண்டாவைப் பற்றி நீங்கள் சொல்வது சரி. ஜாம்பியாவைப் பற்றிச் சொல்வது தப்பு. அந்த நாட்டைச் சாட்சிக் கூண்டில் ஏற்றினால் உங்கள் வழக்கு நிற்காது.

முதலில் காவுண்டா. 1964 அக்டோபரில் நாடு விடுதலை பெற்றபோது, முதல் ஜனாதிபதியான அவருக்கு நாற்பது வயது. பட்டம் படித்த ஜாம்பியர்கள் ஏறத்தாழ நூறு பேர்தான் இருந்தார்கள். ஏற்றுமதி வருமானத்தில் பெரும்பகுதி செம்பு. தெற்கே வெள்ளையர் ஆட்சியில் ரொடீசியா, இன்றைய ஜிம்பாப்வே. 1973இல் அந்த எல்லை மூடியது. கடலே இல்லாத நாடு கடலுக்குப் போக, சீனக் கடனில் தான்சானியாவின் தார் எஸ் சலாம் துறைமுகம் வரை 1,860 கிலோமீட்டர் ரயில் பாதை போட்டது. மண்டேலாவின் கட்சிக்குத் தன் தலைநகர் லுசாகாவில் தலைமையகம் வைக்க இடம் கொடுத்தது, அதற்காக அடியும் வாங்கியது. இந்தப் பெருமையில் காவுண்டாவுக்குப் பெரிய பங்கு உண்டு. அதைக் குறைத்துப் பேச எனக்கு மனமில்லை.

ஆனால் சைமன் கப்வெப்வே என்று ஒருவர் இருந்தார். சின்சாலியில் காவுண்டாவோடு வளர்ந்த பால்ய நண்பர், விடுதலைப் போராட்டத்தில் தோளோடு தோள் நின்றவர், துணை ஜனாதிபதியாக இருந்தவர். 1971இல் அவர் தனிக்கட்சி தொடங்கினார். அடுத்த ஆண்டே அந்தக் கட்சிக்குத் தடை, அவருக்குச் சிறை. அதே ஆண்டு முடிவதற்குள் ஒரே கட்சி ஆட்சி சட்டமானது. அப்புறம் ஜனாதிபதித் தேர்தல் என்றால் காவுண்டா வேண்டுமா, வேண்டாமா என்ற கேள்வி மட்டும்தான். 1978இல் கப்வெப்வே காவுண்டாவின் கட்சிக்குள்ளிருந்தே போட்டியிட வந்தார். கட்சி விதியை மாற்றி அந்த வழியையும் அடைத்தார்கள். அஹிம்சை பேசிய ஒருவர் தன் சிநேகிதனுக்குச் செய்தது இது. காந்தியின் பெயரை இங்கே கொண்டுவர நானும் சம்மதிக்க மாட்டேன்.

எழுபதுகளின் நடுவில் செம்பு விலை விழுந்ததும் கடன் ஏறியது. 1990 ஜூனில் மக்காச்சோள மாவின் விலை இரண்டு மடங்குக்கும் மேல் போனது. ஜாம்பியர்களின் அன்றாடச் சாப்பாடு அந்த மாவில் கிண்டும் கெட்டியான களி. அதில் கை வைத்ததும் லுசாகா தெருவில் இறங்கியது. இருபதுக்கும் மேற்பட்டவர்கள் செத்தார்கள். தொழிற்சங்கங்களும் மாணவர்களும் தேவாலயங்களும் விடவில்லை. பல கட்சித் தேர்தலுக்கு காவுண்டா சம்மதித்தது அதற்குப் பிறகுதான். 1991 அக்டோபர் 31இல் தொழிற்சங்கத் தலைவர் ஃபிரெடரிக் சிலுபாவுக்கு எழுபத்தைந்து சதவீதத்துக்கும் மேல் வாக்கு. நாடாளுமன்றத்தின் 150 இடங்களில் காவுண்டாவின் கட்சிக்குக் கிடைத்தது 25. அவர் தோல்வியை ஒப்புக்கொண்டு இறங்கினார். ராணுவம் அவர் கையில்தான் இருந்தது என்பதை மறந்துவிட்டு அந்த நாளை எடை போடக் கூடாது.

சரி, ஜனநாயகத்தின் பெயரால் வந்த சிலுபா என்ன செய்தார்? 1996இல் அரசியல் சட்டத்தைத் திருத்தினார். ஜனாதிபதி வேட்பாளரின் தாய், தந்தை இருவருமே ஜாம்பியர்களாக இருக்க வேண்டுமாம். காவுண்டாவின் அப்பா இன்றைய மலாவியிலிருந்து வந்த மதபோதகர். அவர் ஒருவரை மனதில் வைத்து வந்த திருத்தம் என்பது ஊருக்கே தெரியும். 1997 கிறிஸ்துமஸ் அன்று அவரைக் கைது செய்தார்கள். 1999இல் ஒரு நீதிமன்றம் அவரை நாடற்றவர் என்றே சொன்னது. அந்தத் தீர்ப்பு பின்னால் நிற்கவில்லை. ஆனாலும் அந்த நாட்டை 27 ஆண்டுகள் ஆண்டவருக்கு அந்த நாடே சொந்தமில்லை என்று சொன்னதை என்னால் ஜீரணிக்க முடியவில்லை. கப்வெப்வேக்கு காவுண்டா செய்தது தப்பென்றால் இதுவும் தப்புத்தான். இரண்டிலும் விதியை மாற்றியவர்கள் ஆட்சியில் இருந்தவர்கள். ஜாம்பிய மக்கள் இல்லை.

அந்த மக்கள் என்ன செய்தார்கள் என்று 2001இல் பாருங்கள். இரண்டு தவணைக்கு மேல் கூடாது என்ற விதியைத் தாண்டி மூன்றாவது தவணைக்கு சிலுபா ஆசைப்பட்டார். வழக்கறிஞர்கள், தேவாலயங்கள், பெண்கள் அமைப்புகள் ஒன்று சேர்ந்தன. சட்டையில் பச்சை ரிப்பன் குத்திக்கொண்டார்கள். வெள்ளிக்கிழமை சாயங்காலம் ஐந்து மணியானால் காரில் போகிறவர்கள் ஹாரன் அடித்தார்கள். அவருடைய அமைச்சர்களிலேயே பலர் எதிர்த்து நின்றார்கள். மே மாதம் அவர் தொலைக்காட்சியில் தோன்றி, போட்டியிடவில்லை என்று சொல்லிவிட்டார். யாரும் துப்பாக்கி தூக்கவில்லை. எனக்கு காவுண்டாவின் கதையைவிட இந்த ஹாரன் சத்தம் பெரிதாகத் தெரிகிறது.

அப்புறமும் அவர்கள் ஓயவில்லை. 2011இல் அப்போதைய ஜனாதிபதி ருபியா பண்டாவைத் தோற்கடித்தார்கள். கண் கலங்கியபடி அவர் விடைபெற்றார். எட்கர் லுங்குவின் ஆட்சியில், 2017இல், எதிர்க்கட்சித் தலைவர் ஹகைண்டே ஹிச்சிலேமா ஜனாதிபதியின் வாகன வரிசைக்கு வழிவிடவில்லை என்று தொடங்கிய வழக்கில் தேசத்துரோகக் குற்றம் சுமத்தப்பட்டு நான்கு மாதம் சிறையில் இருந்தார். 2021 ஜூனில் காவுண்டா 97 வயதில் இறந்தார். இரண்டே மாதத்தில் தேர்தல். அதற்கு முன் ஐந்து முறை தோற்றிருந்த ஹிச்சிலேமா, ஆட்சியில் இருந்த லுங்குவைவிட ஏறக்குறைய பத்து லட்சம் வாக்குகள் அதிகம் வாங்கினார். லுங்கு தோல்வியை ஏற்றுக்கொண்டார்.

பதவியில் இருந்த ஜனாதிபதியை வாக்குச்சீட்டால் மூன்று முறை வீட்டுக்கு அனுப்பிய நாடு அது. ஒத்துவராது என்று எதை வைத்துச் சொன்னீர்கள்?