பாஸ்போர்ட்டை ஏஜெண்ட் இல்லாமல் நானே ஆன்லைனில் புதுப்பிக்க முடியுமா? இப்போது வாடகை வீட்டில் இருக்கிறேன், முகவரி மாறிவிட்டது

கேள்வியில் நீங்கள் சொன்னவை: பாஸ்போர்ட் முடிய இன்னும் எட்டு மாதம் இருக்கிறது. அதில் இருப்பது சொந்த ஊர் முகவரி, குடியிருப்பதோ சென்னையில் வாடகை வீடு. சர்நேம் (குடும்பப் பெயர்) கட்டம் காலி. பிரவுசிங் சென்டரில் 4000 ரூபாய் கேட்கிறார்கள்.

தாராளமாக நீங்களே செய்யலாம். பெரியவர்களுக்கு 36 பக்கப் புத்தகத்துக்கு அரசுக் கட்டணம் 1500 ரூபாய், 60 பக்கத்துக்கு 2000. மிச்சமெல்லாம் படிவத்தைத் தட்டிக் கொடுப்பதற்கான கூலி. சென்டர்காரர் தட்டிக் கொடுத்தாலும் பாஸ்போர்ட் மையக் கவுண்டரில் போய் உட்காரப் போவது நீங்கள்தான். அவசரத்தில் அவர் மாற்றிப் போட்ட ஒரு டிக்குக்குப் பதில் சொல்லப் போவதும் நீங்கள்தான்.

முதலில் ஒரு சொல் விஷயம். தளத்தில் 'ரினியூவல்' என்று தேடினால் கிடைக்காது. அங்கே அதற்குப் பெயர் 'ரீ-இஷ்யூ'. பழைய புத்தகத்தின் ஆயுளை நீட்டுவதில்லை; புது எண்ணோடு புதுப் புத்தகமே தருகிறார்கள். பழையதில் மிச்சமிருக்கும் மாதங்கள் புதியதில் சேராது, கொடுத்த நாளிலிருந்து பத்து வருடம், அவ்வளவுதான். காலாவதிக்கு ஒரு வருடம் முன்பிருந்தே விண்ணப்பிக்கலாம். அந்த எட்டு மாதம் வீணாகிறதே என்று காத்திருக்க வேண்டாம். சிங்கப்பூர், மலேசியா, துபாய் எல்லாம் பயண நாளில் பாஸ்போர்ட் இன்னும் ஆறு மாதமாவது செல்ல வேண்டும் என்று கேட்கிற இடங்கள். ஆகவே உங்கள் பாஸ்போர்ட்டில் பயணத்துக்கு உதவும் காலம் இரண்டு மாதம்தான்.

தளத்தைத் திறக்கும் முன் பழைய பாஸ்போர்ட்டையும் ஆதாரையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். உங்கள் பெயர், பிறந்த தேதி, பிறந்த ஊர், அப்பா அம்மா பெயர், முகவரி. இவற்றில் எது மாறியிருக்கிறது என்பதைப் பொறுத்துத்தான் எந்தக் காரணத்தை டிக் செய்வது, என்ன காகிதம் வேண்டும், போலீஸ் விசாரணை வருமா என்பதெல்லாம். எதுவுமே மாறவில்லை என்றால் இது அரை மணி நேர வேலை. உங்களுக்கு இரண்டு இருக்கின்றன: முகவரியும் பெயரும்.

முகவரியை எடுத்துக்கொள்வோம். படிவத்தில் 'தற்போதைய முகவரி' என்ற இடத்தில் நீங்கள் உண்மையில் குடியிருக்கும் வீடு வர வேண்டும். ஆதார் ஊர் முகவரியில் இருக்கிறதே, ஊர் முகவரியையே போட்டுவிடலாம் என்றுதான் பாதிப் பேர் நினைக்கிறார்கள். போலீஸ் விசாரணை அந்த முகவரிக்குப் போகும். அக்கம்பக்கத்தில் 'அவர் சென்னையில் இருக்கிறார்' என்று சொன்னால், விண்ணப்பதாரர் அங்கே வசிக்கவில்லை என்று அறிக்கை போகும். அதோடு ஃபைல் நிற்கும். பிறகு மண்டல பாஸ்போர்ட் அலுவலகத்துக்கு நேரில் போய் விளக்கம் கொடுக்க வேண்டும். பாஸ்போர்ட்டும் தற்போதைய முகவரிக்குத்தான் ஸ்பீட் போஸ்டில் வரும். வாங்க நீங்கள் அங்கே இருக்க வேண்டும்.

சென்னை முகவரிக்கு ஆதாரம் எது? வாடகை வீட்டுக்காரர்கள் சிக்குவது இங்கேதான். கரண்ட் பில் வீட்டு ஓனர் பெயரில் இருக்கும், உதவாது. முத்திரைத்தாளில் எழுதி நோட்டரி கையெழுத்து வாங்கிய 11 மாத ஒப்பந்தமும் எடுபடாது. சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிவான வாடகை ஒப்பந்தம்தான் செல்லும். புகைப்படம் ஒட்டி வங்கி முத்திரை போட்ட, நடப்பில் உள்ள கணக்கின் பாஸ்புக்கில் சென்னை முகவரி இருந்தால் அது செல்லும். உங்கள் பெயரில் உள்ள கேஸ் இணைப்புச் சான்று, போஸ்ட்பெய்டு மொபைல் பில், வாக்காளர் அட்டை ஆகியவையும் செல்லும். கணவன் அல்லது மனைவியின் பாஸ்போர்ட்டில் இதே முகவரியும், துணை என்று உங்கள் பெயரும் இருந்தால் அதன் முதல், கடைசிப் பக்க நகலும் உதவும். எட்டு மாதம் கையில் இருப்பதால் என் யோசனை வேறு: முதலில் ஆதாரில் முகவரியை மாற்றிவிடுங்கள். பிறகு அந்த ஒரு காகிதமே முகவரிக்குப் போதும். கதவு எண், தெரு, பின்கோடு ஆதாரில் எப்படி இருக்கிறதோ அப்படியே படிவத்திலும் அடியுங்கள். 'பழைய எண், புதிய எண்' இரண்டும் உள்ள தெரு என்றால் இரண்டையும் எழுதுவது நல்லது, விசாரணைக்கு வருபவர் அலைய மாட்டார்.

அடுத்தது பெயர். தமிழ்நாட்டுப் பாஸ்போர்ட்டுகளின் தலைவலியே இதுதான். நமக்கு இனிஷியல்தான் பழக்கம். பாஸ்போர்ட்டில் இனிஷியல் கிடையாது, விரித்து எழுத வேண்டும். ஆதாரில் 'முத்துக்குமார் கே' என்று இருக்கும், பாஸ்போர்ட்டில் 'முத்துக்குமார் கந்தசாமி' என்று ஒரே கட்டத்தில் இருக்கும், பத்தாம் வகுப்புச் சான்றிதழில் 'கே.முத்துக்குமார்' என்று இருக்கும். மூன்றும் ஒரே ஆள்தான் என்பது நமக்குத் தெரியும். ஆனால் கவுண்டரில் இருப்பவர் எழுத்துக்கு எழுத்துதான் பார்ப்பார்.

சர்நேம் காலியாக இருந்தால் என்ன ஆகும் என்பது நீங்கள் போகும் நாட்டைப் பொறுத்தது. பாஸ்போர்ட்டில் ஒற்றைப் பெயர் மட்டும் இருந்தால் அமெரிக்க விசாவில் அது சர்நேம் இடத்துக்குப் போய், முன்பெயர் இடத்தில் 'எஃப்.என்.யூ' என்று விழும். முன்பெயர் தெரியவில்லை என்பதன் சுருக்கம் அது. 2022 நவம்பரில் ஐக்கிய அரபு அமீரகம், பெயர் ஒரே சொல்லாக உள்ள பாஸ்போர்ட்டோடு சுற்றுலா விசாவில் வருகிறவர்களை அனுமதிப்பதில்லை என்று அறிவித்தது. பின்னர் இரண்டாம் பக்கத்தில் தந்தை பெயர் இருந்தால் ஏற்பதாகச் சிலருக்குத் தளர்த்தினார்கள். ஆனாலும் விமான நிலைய கவுண்டரில் நின்று அந்தச் சுற்றறிக்கையை விளக்க யாருக்கும் ஆசை இருக்காது.

உங்கள் பெயர்க் கட்டத்தில் இரண்டு சொற்கள் இருந்து, சர்நேம் மட்டும் காலி என்றால் அவசரம் இல்லை. வளைகுடாவுக்கோ மேற்கு நாடுகளுக்கோ போகும் எண்ணம் இருந்தால் இப்போதே அப்பா பெயரை சர்நேம் கட்டத்துக்கு நகர்த்திவிடுவது நல்லது. அதற்கு 'தனிப்பட்ட விவரங்களில் மாற்றம்' என்ற காரணத்தையும் டிக் செய்து, விரிந்த பெயர் உள்ள ஆதாரையும் அப்பா பெயர் உள்ள ஒரு சான்றையும் வைத்துக்கொள்ளுங்கள். ஏற்கெனவே பழைய பெயர் அமைப்பில் நீண்டகால விசா ஒன்று வைத்திருப்பவர் பெயரைத் தொடாமல் விடலாம். விசாவிலும் டிக்கெட்டிலும் ஒரு பெயர், பாஸ்போர்ட்டில் இன்னொன்று என்று ஆவது புதுத் தொல்லை. பெயரையே முழுதாக மாற்றுவது தனிக் கதை. நாளிதழ் விளம்பரம், பிரமாணப் பத்திரம் என்று போகும், அதற்கு தத்கல் என்ற அவசர வழியும் கிடையாது.

'வேறு பெயரால் அறியப்பட்டிருக்கிறீர்களா' என்று ஒரு கேள்வி வரும். வீட்டில் கூப்பிடும் பெயரை அங்கே எழுதிவைப்பவர்கள் உண்டு. எழுதாதீர்கள்.

இனி தளம். அரசின் பாஸ்போர்ட் சேவா தளம் ஒன்றுதான். அதன் முகவரி 'பாஸ்போர்ட்இந்தியா' என்று தொடங்கி 'டாட் கவ் டாட் இன்' என்று முடியும். அதே பெயர்ச் சாயலில் டாட் ஓஆர்ஜி, டாட் காம் என்று முடிபவை போலி என்று வெளியுறவு அமைச்சகமே எச்சரித்திருக்கிறது. அவற்றில் விவரமும் போகும், பணமும் போகும். மொபைலில் என்றால் எம்பாஸ்போர்ட் சேவா செயலி. கணக்கு தொடங்கும்போது எந்த மண்டல அலுவலகம் என்று கேட்கும். 2018 முதல் இந்தியாவில் எந்த ஊரிலும் விண்ணப்பிக்கலாம் என்பதால் ஊரில் இருக்கும் நாட்களில் மதுரை, திருச்சி, கோவை மண்டலத்திலும் போடலாம். விசாரணை மட்டும் நீங்கள் எழுதிய முகவரியில்தான் நடக்கும்.

உள்ளே போய் ரீ-இஷ்யூவைத் தேர்ந்தெடுத்ததும் காரணம் கேட்கும். 'காலாவதியாகி மூன்று வருடத்துக்குள், அல்லது காலாவதியாகப் போகிறது' என்பது ஒன்று. 'மூன்று வருடத்துக்கு மேல் ஆகிவிட்டது' என்பது இன்னொன்று. உங்களுடையது முதலாவது. முகவரி மாற்றத்துக்காக 'விவரங்களில் மாற்றம்' என்பதையும் டிக் செய்து, அதற்குள் முகவரியைத் தேர்ந்தெடுக்க வேண்டும். இதை விட்டுவிட்டுக் கீழே புது முகவரி மட்டும் அடித்தால் கவுண்டரில் திருத்த வேண்டியிருக்கும்.

பழைய பாஸ்போர்ட்டின் ஃபைல் எண்ணும் கேட்பார்கள். அது கடைசிப் பக்கத்தில் அடியில் இருக்கிறது. முன்பக்கத்தில் தேடிக் களைத்துப் போகாதீர்கள். 'நான்-இசிஆர் தகுதி உண்டா', அதாவது வெளிநாட்டு வேலைக்குக் குடியேற்ற அனுமதி வாங்கத் தேவையில்லாதவரா என்றால் பத்தாம் வகுப்பு தேறியவர் ஆம் என்று சொல்லிச் சான்றிதழைக் கொண்டுபோகலாம். பழையதில் இசிஆர் முத்திரை இருந்தால் அதை நீக்க இதுவே நேரம். அது இருக்கும்வரை வளைகுடா, மலேசியா வேலைக்குப் போகக் குடியேற்ற அனுமதி தனியாக வாங்க வேண்டும். அரசு ஊழியர், பொதுத்துறை வங்கி ஊழியர் என்றால் அலுவலகத்துக்கு முன்கூட்டியே தகவல் சொன்னதற்கான அனெக்ஷர் ஹெச் கடிதம் வேண்டும். கிரிமினல் வழக்குப் பற்றிய கேள்விக்கு உண்மையே எழுதுங்கள். நிலுவையில் வழக்கு இருந்தால் நீதிமன்ற அனுமதியோடு பாஸ்போர்ட் வாங்க வழி உண்டு. மறைத்தது தெரிந்தால் அதுவே பாஸ்போர்ட் சட்டப்படி தனிக் குற்றம்.

36 பக்கமா, 60 பக்கமா? மாதம் ஒருமுறை பறப்பவர் தவிர மற்றவர்களுக்கு 36 போதும்.

படிவத்தைச் சமர்ப்பித்ததும் பணம் கட்டி நாள் குறிக்க வேண்டும். சென்னையில் சாலிகிராமம், அமைந்தகரை, தாம்பரம் என மூன்று பாஸ்போர்ட் சேவா கேந்திராக்கள், அதாவது நேரில் போக வேண்டிய மையங்கள். இவை தவிரத் தலைமை அஞ்சலகங்களில் இயங்கும் மையங்களும் உண்டு. கட்டிய பணம் ஒரு வருடம் செல்லும், திரும்ப வராது. முதல் நாள் குறித்ததிலிருந்து ஒரு வருடத்துக்குள் மூன்று முறைதான் தேதியை மாற்றவோ ரத்து செய்யவோ முடியும். தத்கல் என்றால் கூடுதல் 2000 ரூபாய். ஆன்லைனில் சாதாரணக் கட்டணம்தான் எடுப்பார்கள், மீதியை மையத்தில் கட்ட வேண்டும். எட்டு மாதம் வைத்திருக்கும் உங்களுக்கு அது தேவையே இல்லை.

மையத்துக்குப் போகும்போது அசல் பாஸ்போர்ட், அதன் முதல் இரண்டு, கடைசி இரண்டு பக்கங்களின் நகல், அதிகாரிகள் குறிப்பு எழுதிய பக்கம் இருந்தால் அதுவும், எல்லாவற்றிலும் உங்கள் கையெழுத்து. சான்றுகளின் அசலும் நகலும். சான்றுகளை மின்வடிவில் வைக்கும் அரசுச் செயலியான டிஜிலாக்கரில் இணைத்திருந்தாலும் ஆதார் அட்டையைக் கையில் வைத்துக்கொள்ளுங்கள், சர்வர் படுத்துவிட்டால் காகிதம்தான் பேசும். புகைப்படம் கொண்டுபோக வேண்டாம், அங்கேயே எடுப்பார்கள். பின்னணி வெள்ளை, ஆகவே வெள்ளைச் சட்டை வேண்டாம். கைரேகை எடுப்பதால் மருதாணி, கையில் கட்டு இருக்கும் நாளைத் தவிர்த்துவிடுங்கள். 15 நிமிடம் முன்னால் போனால் போதும், ஒரு மணி நேரம் முன்னால் போய் வெயிலில் நிற்பதால் முன்னுரிமை கிடைக்காது.

உள்ளே ஏ, பி, சி என மூன்று கட்டம். ஏ கவுண்டரில் காகிதங்களை ஸ்கேன் செய்து, படமும் கைரேகையும் எடுத்து, விவரங்களைத் திரையில் காட்டுவார்கள். அவசரப்படாமல் எழுத்துக்கூட்டிப் படியுங்கள். பிழையைச் செலவில்லாமல் திருத்த அதுதான் இடம். பி-யில் அரசு அதிகாரி சான்றுகளைச் சரிபார்ப்பார். சி-யில் இருப்பவர்தான் வழங்கும் அதிகாரி. போலீஸ் விசாரணை பாஸ்போர்ட் தரும் முன்னால் வேண்டுமா, தந்த பின்னால் போதுமா, தேவையே இல்லையா என்பதை முடிவு செய்வது அவர். முகவரி மாறியிருப்பதால் உங்களுக்கு விசாரணை வரும் என்றே எண்ணிக்கொள்ளுங்கள். பழைய பாஸ்போர்ட்டில் செல்லத்தக்க விசா இருந்தால் ரத்து முத்திரை குத்தும் முன் அதைச் சொல்லிவிடுங்கள். பாஸ்போர்ட் ரத்தானாலும் அமெரிக்க விசா போன்றவை செல்லும். பழைய புத்தகத்தையும் புதியதையும் சேர்த்து எடுத்துப் போக வேண்டும்.

விசாரணைக்கு ஸ்டேஷனிலிருந்து போன் வரும். தெரியாத எண் என்று எடுக்காமல் விடுவதால் நின்றுபோகும் ஃபைல்கள் ஏராளம். அசல் சான்றுகளைக் காட்டினால் போதும், இதற்குக் கட்டணம் எதுவும் இல்லை. வீட்டு ஓனரிடமும் பக்கத்து வீட்டிலும் முன்பே ஒரு வார்த்தை சொல்லிவையுங்கள். நிலவரத்தைத் தளத்தில் ஃபைல் எண்ணும் பிறந்த தேதியும் கொடுத்துப் பார்க்கலாம்.

2025 மார்ச் முதல் சென்னையில் சிப் வைத்த இ-பாஸ்போர்ட் தருகிறார்கள். அதற்குத் தனி விண்ணப்பமோ கூடுதல் பணமோ கிடையாது. அட்டையில் தங்க நிறத்தில் சிறு சிப் குறி இருக்கும். கவரைப் பிரித்ததும் பெயரின் ஒவ்வொரு எழுத்தையும், சர்நேம் கட்டத்தையும், பிறந்த தேதியையும் பாருங்கள். அட்டையை மடக்கவோ, ஸ்டேபிள் அடிக்கவோ வேண்டாம்.